குணச்சித்திர நடிகர் படம் தயாரிச்சா காசு எங்க போகுது, எங்க இருந்து வருது: சினிமாக்காரங்க இல்லாதவங்களுக்கு ஒரு எளிய விளக்கம்

ஒரு நடிகர் தயாரிச்ச படம் ஓடலைன்னா போதும், எங்க கிருஷ்ணகிரி பக்கம் டீக்கடையில உடனே ஒரு பேச்சு வந்துடும், "வில்லனா நடிச்சு நடிச்சு சம்பாதிச்சத எல்லாம் ஒரே படத்துல விட்டுட்டாருப்பா". ஓடிட்டா அதுக்கு நேர் எதிரா, "அவருக்கென்ன, கோடி கோடியா அள்ளிட்டாரு". ரெண்டுமே பாதி தப்பு. நடிகரா ஒருத்தருக்கு காசு வர்ற வழி வேற, தயாரிப்பாளரா வர்ற வழி வேற, ரெண்டையும் ஒரே கணக்கா போட்டு பேசறதாலதான் இவ்ளோ குழப்பம். அதுலயும் ஹீரோவா இல்லாம அப்பாவா, வில்லனா, போலீஸா, கவிஞனா வந்துட்டு போற குணச்சித்திர நடிகர் படம் எடுக்கும்போது கணக்கு இன்னும் வேற மாதிரி இருக்கும்.

உதாரணத்துக்கு கட்டுரை முழுக்க பிரகாஷ்ராஜையே எடுத்துக்கறேன். 1965ல பெங்களூர்ல பொறந்தவரு, கன்னட நாடகத்துல இருந்து வந்தவரு, 1994ல கே.பாலசந்தரோட 'டூயட்' மூலமா தமிழுக்கு வந்தாரு. ஓசூர்க்காரங்களுக்கு இவரு பக்கத்து ஊர்க்காரரு மாதிரி, ஏன்னா வீட்ல தெலுங்கு, கடையில தமிழ், வேலைக்கு போற எடத்துல கன்னடம்னு மூணையும் கலந்து பேசற ஊரு நம்ம ஊரு. அவரோட தொழிலும் அப்படித்தான் மொழிக்கு மொழி தாவி வளந்துது.

மாந்தோப்பு குத்தகைய மனசுல வெச்சுக்கோங்க

நம்ம பக்கம் மாந்தோப்பு குத்தகை எப்படி நடக்குதுன்னு எல்லாருக்கும் தெரியும். மரம் பூ வெக்கறப்பவே வியாபாரி வந்து தோப்ப சுத்தி பாப்பாரு, இந்த வருஷம் இவ்ளோ காய் புடிக்கும்னு கண்ணாலயே ஒரு கணக்கு போட்டு தோப்புக்காரருக்கு அட்வான்ஸ் குடுத்துடுவாரு. அந்த காசுல கொஞ்சம் தன்னோடது, மீதி மண்டியில வாங்கினது, இல்ல வட்டிக்கு வாங்கினது. அதுக்கப்புறம் மருந்து அடிக்கற செலவு, காவல் ஆள், காய் பறிக்கற கூலி, வண்டி வாடகைன்னு எல்லாம் அவரு தலையிலதான். நடுவுல ஒரு ஆலங்கட்டி மழை பேஞ்சா பிஞ்செல்லாம் கொட்டிடும். நல்லா காய்ச்சாலும் கூழ் ஃபேக்டரிக்காரங்க பெங்களூரா மாங்காய்க்கு விலைய இறக்கிட்டா போச்சு, காய மரத்துலயே விட்டவங்கள நாம பாத்திருக்கோம்.

ஆனா அதே தோப்புல தொரட்டிக் கோல்ல வலை கட்டி காய் பறிக்கறாரே, அவருக்கு அன்னிக்கு சாயங்காலமே கூலி. விலை ஏறினாலும் அதேதான், இறங்கினாலும் அதேதான்.

சினிமாவுல குத்தகைக்காரர்தான் தயாரிப்பாளர், அதாவது படம் முடியற வரைக்கும் எல்லா செலவையும் தன் பொறுப்புல ஏத்துக்கிட்டு, கடைசியில படத்த வித்து வர்ற லாப நஷ்டத்துக்கு சொந்தக்காரர். பறிக்கற ஆள் இடத்துல நடிகர் இருக்காரு. குணச்சித்திர நடிகர் தயாரிப்பாளர் ஆகறதுன்னா, பல தோப்புல கூலிக்கு பறிச்சுக்கிட்டு இருந்தவரு அந்த வேலைய விடாமயே ஒரு தோப்ப குத்தகைக்கும் எடுக்கறாருன்னு அர்த்தம். எந்த தோப்பு நல்லா காய்க்கும்னு பல வருஷம் மரத்தடியில நின்னு பாத்த அனுபவம் அவருக்கு உண்டு, ஆனா அனுபவம் இருக்குன்னு மழை வராம இருக்காது.

நடிகரா இருக்கும்போது காசு எப்படி வருது

குணச்சித்திர நடிகர் விக்கறது தன்னோட நாளுங்கள. இதுக்கு கால்ஷீட்னு பேரு, இந்த தேதியில இருந்து இந்த தேதி வரைக்கும் உங்க படத்துக்கு வரேன்னு நடிகர் எழுதிக் குடுக்கற தேதிங்கதான் அது. ஹீரோ ஒரு படத்துக்கு மாசக்கணக்குல தேதி தருவாரு, அவரு சம்பளம் மொத்த படத்துக்கும். குணச்சித்திர நடிகருக்கு ஒரு படத்துல கொஞ்ச நாள்தான் வேலை, அதனால நாள் கணக்குலயோ இல்ல இத்தன நாளுக்கு இவ்ளோன்னு மொத்தமாவோ பேசுவாங்க. ஹீரோ வருஷத்துக்கு ஒண்ணு ரெண்டு படம் பண்ற எடத்துல இவரு ஒரே சமயத்துல நாலஞ்சு படத்துல இருக்கறது இதனாலதான்.

இத கேட்டா ஏதோ ஈஸியான வேலை மாதிரி தெரியும். நடைமுறையில ரொம்ப கஷ்டமான கணக்கு. காம்பினேஷன் சீன்னு ஒண்ணு இருக்கு, ரெண்டு மூணு முக்கியமான நடிகருங்க ஒரே ஷாட்ல சேந்து நிக்க வேண்டிய காட்சி. ஹீரோ தேதியும் இவரு தேதியும் ஒரே நாள்ல விழுந்தாத்தான் அத எடுக்க முடியும். ஹைதராபாத்ல ஒரு தெலுங்கு படம் மழையால ரெண்டு நாள் தள்ளிப் போச்சுன்னா சென்னையில செட்டு போட்டு ஹீரோவ உக்கார வெச்சிருக்கற தமிழ் படத்துக்கு இவரால போக முடியாது, அங்க செட்டு வாடகை, லைட்டு வாடகை, நூறு பேருக்கு சாப்பாடு எல்லாம் சும்மா ஓடிக்கிட்டு இருக்கும். அதனால சினிமாவுல குணச்சித்திர நடிகருக்கு நடிப்புக்கு அடுத்து பெரிய சொத்து, சொன்ன தேதிக்கு வந்து நிக்கறதுதான்.

இன்னொண்ணு கண்டினியூட்டி, அதாவது போன மாசம் எடுத்த காட்சியும் இன்னிக்கு எடுக்கற காட்சியும் ஒட்டிப் போகற மாதிரி ஆளோட தோற்றம் அப்படியே இருக்கணும்ங்கறது. ஒரு படத்துல தாடி, இன்னொண்ணுல மீசை மட்டும், மூணாவதுல நரைச்ச முடி. தாடிய எடுத்துட்டா அது வளர நாள் ஆகும். அதனால எந்த படத்த முதல்ல முடிக்கறது, எதுக்கு விக்கு வெக்கறதுன்னு யோசிச்சுத்தான் தேதியவே குடுப்பாங்க. திரையில நாம பாக்கற அஞ்சு நிமிஷ காட்சிக்கு பின்னாடி இந்த வேலையெல்லாம் இருக்கு, இத தெரியாம சைடு ஆக்டர்னு ஒரே வார்த்தையில தள்ளிட்டு போறவங்கள பாத்தா எனக்கு உண்மையிலயே வருத்தமா இருக்கும்.

பல மொழி தெரிஞ்சவருக்கு இதுல ஒரு பெரிய லாபம் உண்டு. ஒரு மொழியில நல்லா போன பாத்திரத்த இன்னொரு மொழியில எடுக்கும்போது அதே ஆளையே கூப்பிடுவாங்க. 2003ல தெலுங்கு 'ஒக்கடு'ல வில்லனா வந்தவருதான் 2004ல தமிழ் 'கில்லி'யில முத்துப்பாண்டி. 'போக்கிரி' இன்னும் விசேஷம், 2006ல தெலுங்கு, 2007ல தமிழ், 2009ல இந்தியில 'வாண்டட்', மூணுலயும் வில்லன் பிரகாஷ்ராஜ்தான். மூணு மொழியிலயும் ஹீரோ வேற வேற ஆளு, வில்லன் மட்டும் மாறவே இல்ல. ஒரு மொழியில மார்க்கெட் டல்லா இருந்தா இன்னொண்ணு கை குடுக்கும்.

இதுவரைக்கும் சுருக்கமா சொன்னா: நடிகரா அவருக்கு வர்றது நாளுக்கான கூலி. பேசின சம்பளம் கைக்கு வந்துட்டா படம் ஓடினாலும் ஓடலைன்னாலும் அது அவரோடது. பல படம், பல மொழின்னு பிரிச்சு வெக்கறதால ஒரே படத்த நம்பி அவரு தொழில் இல்ல.

வித்தியாசமா நடிக்கறதும் தொழில் கணக்குதான்

ஒரே மாதிரி வில்லனா மட்டும் வந்தா நாலஞ்சு வருஷத்துல ஜனங்களுக்கு சலிச்சுடும், புதுசா ஒரு வில்லன் வந்துடுவான். நீண்ட நாள் நிக்கணும்னா பாத்திரம் மாறிக்கிட்டே இருக்கணும். 1995ல 'ஆசை'யில பயமுறுத்தினவரு 1997ல மணிரத்னத்தோட 'இருவர்'ல கவிஞர் தமிழ்ச்செல்வனா வந்து துணை நடிகருக்கான தேசிய விருது வாங்கினாரு. அப்புறம் பிரியதர்ஷனோட 'காஞ்சிவரம்', அதுல நெசவாளி வேங்கடமா நடிச்சதுக்கு சிறந்த நடிகருக்கான தேசிய விருதே கிடைச்சுது, 2007ஆம் வருஷத்துக்கானது. பொண்ணு கல்யாணத்துக்கு பட்டுப் புடவை நெய்யணும்னு, வேலை செய்யற எடத்துல இருந்து பட்டு நூல வாய்க்குள்ள அடக்கிக்கிட்டு வாசல்ல சோதனைய தாண்டி வெளிய வருவாரு. வாயத் திறக்க முடியாது, வசனம் கிடையாது, கன்னமும் கண்ணும் மட்டும்தான் நடிக்கணும். முத்துப்பாண்டியா கத்தின அதே மூஞ்சிதானா இதுன்னு இருக்கும்.

இந்த மாதிரி ஒரு படத்தால பெரிய சம்பளம் வராம இருக்கலாம், ஆனா அடுத்த பத்து வருஷத்துக்கு எந்த டைரக்டரும் எந்த பாத்திரத்துக்கும் இவர யோசிப்பாங்க.

தயாரிப்பாளருக்கு காசு எங்க இருந்து வருது

இங்கதான் பெரிய குழப்பம். தயாரிப்பாளர்னா பெட்டி நிறைய சொந்தக் காசு வெச்சுக்கிட்டு எடுத்து எடுத்து குடுக்கறவருன்னு நினைக்கறோம். பெரும்பாலும் அப்படி இல்ல. கையில இருந்து கொஞ்சம் போட்டு ஆரம்பிப்பாங்க, மீதிக்கு பைனான்ஸ். படத்தோட உரிமைய அடமானமா வெச்சு வட்டிக்கு வாங்கற கடனுக்குத்தான் சினிமாவுல பைனான்ஸ்னு பேரு. வட்டி மாசா மாசம் ஓடும், ஷூட்டிங் நின்னு போனாலும் அது நிக்காது. படம் ஆறு மாசம் லேட்டுன்னு நியூஸ் வந்தா அது வெறும் லேட் இல்ல, ஆறு மாச வட்டி.

ரிலீஸ் அன்னிக்கு காலைல தியேட்டர் வாசல்ல ஷோ இல்லன்னு சொல்லி டிக்கெட் காச திருப்பிக் குடுப்பாங்களே, தர்மபுரியிலயும் கிருஷ்ணகிரியிலயும் பல பேர் இத அனுபவிச்சிருப்பீங்க. பல தடவ அதுக்கு காரணம் இந்த கடன்தான். இப்ப படம் தியேட்டருக்கு டிஜிட்டலா பூட்டி வரும், அத திறக்கற சாவிய கேடிஎம்னு சொல்றாங்க, இந்த தியேட்டர்ல இந்த தேதிக்கு ஓடலாம்னு அனுமதி குடுக்கற ஒரு கம்ப்யூட்டர் ஃபைல். கடன் குடுத்தவரு எனக்கு செட்டில் ஆயிடுச்சுன்னு சொல்ற வரைக்கும் சாவி வராது. ராத்திரியெல்லாம் சென்னையில பேச்சுவார்த்தை நடக்கும், ரசிகருங்க இங்க காலைல கட்அவுட்டுக்கு மாலை போட்டுட்டு நிப்பாங்க.

இனி விக்கற பக்கம். ஒரு படத்த ஒரே ஆளுக்கு விக்கறதும் உண்டு, பிரிச்சு விக்கறதும் உண்டு. தியேட்டர் உரிமை, டிவி உரிமை, ஓடிடி உரிமை, பாட்டு உரிமை, வெளிநாட்டு உரிமை, வேற மொழி டப்பிங் உரிமைன்னு ஒவ்வொண்ணுக்கும் தனி விலை. தமிழ்நாட்டு தியேட்டர் உரிமைய ஏரியாவா பிரிப்பாங்க. ஏரியான்னா ஒரு விநியோகஸ்தர் படத்த வாங்கி ஓட்டற மாவட்டங்களோட தொகுப்பு. நம்ம தர்மபுரி, கிருஷ்ணகிரி ரெண்டும் சேலம், நாமக்கல்லோட சேந்து சேலம் ஏரியா. 2004ல கிருஷ்ணகிரி தனி மாவட்டம் ஆனப்பவும் சினிமாக்காரங்க கணக்குல ஒண்ணும் மாறல. ஓசூர் தியேட்டர்ல படம் ஹவுஸ்ஃபுல்லா, காத்து வாங்குதாங்கறதும் சேலம் விநியோகஸ்தர் கணக்குக்குத்தான் போய் சேரும்.

விநியோகஸ்தர் வாங்கற முறையும் ரெண்டு மூணு இருக்கு. எம்ஜி, அதாவது மினிமம் கேரண்டி முறைன்னா ஓடினாலும் ஓடலைன்னாலும் திருப்பிக் கேக்காம ஒரு தொகைய முன்னாடியே குடுத்துடறது, நஷ்டம் வந்தா அது விநியோகஸ்தரோடது. அட்வான்ஸ் முறையில வசூல் குறைஞ்சா மிச்சத்த தயாரிப்பாளர் திருப்பித் தரணும். கமிஷன் முறையில விநியோகஸ்தர் தன் கமிஷன எடுத்துக்கிட்டு மீதிய குடுப்பாரு, ரிஸ்க் முழுக்க தயாரிப்பாளருக்கு. பெரிய ஹீரோ படத்துக்கு எம்ஜி கிடைக்கும். குணச்சித்திர நடிகர் எடுக்கற சின்ன படத்துக்கு அந்த மாதிரி முன்காசு கிடைக்கறது கஷ்டம், அதனால ரிஸ்க் அவரு தலையிலயே தங்கிடும். ஹீரோ தயாரிப்பாளர் ஆகறதுக்கும் இவரு ஆகறதுக்கும் உள்ள பெரிய வித்தியாசம் இதுதான்.

வசூலும் ஷேரும்

இத கண்டிப்பா சொல்லணும், ஏன்னா ஃபேன்ஸ் சண்டை பாதி இதுலதான். வசூல், இல்ல கிராஸ்னு சொல்றது டிக்கெட் வித்த மொத்த காசு. அதுல முதல்ல வரி போகும், அப்புறம் தியேட்டர்காரர் பங்கு போகும், மீதி விநியோகஸ்தருக்கு வர்றதுக்கு ஷேர்னு பேரு. பேச்சுக்கு ஒரு கணக்கு வெச்சுக்குவோம், ஒரு ஊர்ல ஒரு வாரத்துல 10 லட்சம் கிராஸ், வரி போக 8 லட்சம், அதுல பாதி தியேட்டருக்குன்னா ஷேர் 4 லட்சம். அந்த 4 லட்சத்துல இருந்துதான் விநியோகஸ்தர் போட்ட காசு, போஸ்டர் செலவு, விளம்பரம் எல்லாம் எடுக்கணும், அதுக்கும் மேல மிச்சம் இருந்தா தயாரிப்பாளர் பேச்சே வரும். போஸ்டர்ல போடற பெரிய தொகைய பாத்துட்டு அவ்ளோவும் தயாரிப்பாளர் வீட்டுக்கு போச்சுன்னு நினைக்காதீங்க.

இதுல புரிஞ்சுக்க வேண்டியது, நடிகர் சம்பளம் முதல்ல, தயாரிப்பாளர் லாபம் எல்லாருக்கும் குடுத்தது போக கடைசியில.

ரெண்டும் ஒரே ஆளா இருக்கும்போது

பிரகாஷ்ராஜ் தன்னோட முதல் தமிழ் படத்து பேரையே வெச்சு டூயட் மூவீஸ்னு கம்பெனி ஆரம்பிச்சாரு. 2004ல 'அழகிய தீயே', 2005ல 'கண்ட நாள் முதல்', 2006ல 'பொய்', 2007ல 'மொழி', 2008ல 'அபியும் நானும்'னு வரிசையா வந்துது. இந்த லிஸ்ட்ட ஒரு நிமிஷம் பாருங்க. பறந்து பறந்து அடிக்கற படம் ஒண்ணு கூட இல்ல. அவர வில்லனா வெச்சு மத்தவங்க எடுத்த படத்துக்கும் அவரே காசு போட்டு எடுத்த படத்துக்கும் சம்பந்தமே இல்ல. 2007 ஜனவரியில தியேட்டர்ல 'போக்கிரி' வில்லன், பிப்ரவரியில 'மொழி' தயாரிப்பாளர், ஒரே ஆளு, ஒரே சீசன்.

இது எப்படி முடியுது? டீக்கடையில சொல்ற மாதிரி வில்லன் சம்பளம் மொத்தத்தையும் கொட்டறதால இல்ல. குணச்சித்திர நடிகருக்கு சில வசதிங்க உண்டு, அதுல பல பேருக்கு தெரியாதது ஆளுங்கள அடையாளம் கண்டுக்கற வசதி. வருஷத்துக்கு அத்தன செட்டுல நிக்கறவருக்கு எந்த அசிஸ்டென்ட் டைரக்டர் விவரமானவன், எந்த கேமராமேன் வேகமா லைட் பண்ணுவாரு, எந்த எடத்துல காசு வீணாகுதுங்கறதெல்லாம் கண் முன்னாடி நடக்கும். ராதாமோகன் 'அழகிய தீயே'யிலதான் டைரக்டர் ஆனாரு, 'கண்ட நாள் முதல்' பிரியாவுக்கு முதல் படம். பேர் இல்லாத டைரக்டர நம்பி காசு போடறதுக்கு அவங்க வேலைய பக்கத்துல இருந்து எடை போடற பழக்கம் வேணும். தன்ன அறிமுகப்படுத்தின பாலசந்தருக்கே 'பொய்' படத்த தயாரிச்சு குடுத்தாரு, அது வேற கதை, அதுல கணக்க விட நன்றிதான் எனக்கு தெரியுது.

அடுத்தது சம்பளம். தன் படத்துல தானே முக்கியமான பாத்திரம் பண்ணிட்டா அந்த சம்பளம் மிச்சம்னு சொல்வாங்க. முழுசா மிச்சம் இல்ல. அந்த நாளுங்கள வேற படத்துக்கு குடுத்திருந்தா உறுதியா கூலி வந்திருக்கும், அத விட்டுட்டுத்தான் இங்க நிக்கறாரு. அதுவும் முதலீடுதான், ரூபாயா போகாம தேதியா போகுது. 'அபியும் நானும்' அப்பா வேஷத்துக்காக அவரு வெளியில விட்ட சம்பளம் கண்ணுக்கு தெரியாது, ஆனா கணக்குல இருக்கு.

மூணாவது மொழி. 2011ல 'பயணம்' தமிழ்லயும் 'ககனம்'னு தெலுங்குலயும் சேந்து எடுத்தாங்க. 2014ல 'உன் சமையலறையில்' தமிழ், தெலுங்கு, கன்னடம்னு மூணு மொழியில, டைரக்ஷனும் அவரே. ஒரே செட்டு, ஒரே யூனிட், ஒரு ஷாட்ட எடுத்து முடிச்ச கையோட வசனத்த மாத்தி அடுத்த மொழிக்கு எடுக்கலாம், செட்டு செலவு ரெண்டு மூணா பிரிஞ்சுடும், விக்கறதுக்கு ரெண்டு மூணு சந்தை. ஆனா எல்லா மொழியிலயும் தெரிஞ்ச மூஞ்சியா இருந்தாத்தான் இது செல்லும். மொழி மொழியா சுத்தி கூலிக்கு நடிச்ச வருஷங்கதான் இங்க முதலா நிக்குது.

கடைசியா நாணயம். பைனான்ஸ் குடுக்கறவரு படத்த மட்டும் பாத்து குடுக்கறதில்ல, ஆள பாத்தும் குடுப்பாரு. இந்த படம் கை விட்டாலும் அடுத்த மாசத்துல இருந்து நடிச்சு சம்பளம் வாங்கற ஆளு, எங்கயும் ஓடிட மாட்டாருங்கற நம்பிக்கை. ஆனா இது ரெண்டு பக்கமும் கூர் உள்ள கத்தி. படம் நஷ்டம் ஆனா கடன அடைக்கறதுக்கு அவரு நடிப்பு சம்பளம் போகும், பிடிக்காத பாத்திரத்தையும் ஒத்துக்க வேண்டி வரும். டீக்கடை பேச்சுல இருக்கற பாதி உண்மை இதுதான், கூலி வர்ற வழியும் நஷ்டம் வர்ற வழியும் வேற வேறன்னாலும் கடன்காரன் ஒருத்தரையேதான் தேடி வருவான்.

சுருக்கம்: அவரு தயாரிக்கறதுக்கு முதலா வெக்கறது ஆள் பழக்கம், தன்னோட தேதி, மொழி, பேரு. ரொக்கம் அதுக்கப்புறம்தான்.

இது புதுசு இல்ல

வி.கே.ராமசாமி 1947ல 'நாம் இருவர்'ல கிழவரா நடிச்சப்ப அவருக்கு இருபது வயசு சுமார்தான் இருக்கும். வாலிப வயசுலயே கிழவனா நிக்க தயாரா இருந்தவரு, அடுத்த பத்து வருஷத்துல ஏ.பி.நாகராஜனோட சேந்து ஸ்ரீலட்சுமி பிக்சர்ஸ் மூலமா படம் எடுத்தாரு, 1957ல வந்த 'மக்களைப் பெற்ற மகராசி' அவங்களோடது, சிவாஜி கொங்குத் தமிழ் பேசி நடிச்ச படம்.

கே.பாலாஜி இன்னொரு மாதிரி. ரெண்டாவது பாத்திரம், நண்பன், வில்லன்னு நடிச்சுக்கிட்டே சுஜாதா சினி ஆர்ட்ஸ்னு கம்பெனி நடத்தினாரு. அவரு வழி வேற மொழியில ஜெயிச்ச கதைய வாங்கி தமிழ்ல எடுக்கறது. 1972ல வந்த 'ராஜா'வும் 'நீதி'யும் இந்தியில 'ஜானி மேரா நாம்', 'துஷ்மன்'னு ஓடின கதைங்க. ஏற்கனவே காய்ச்சு காட்டின மரத்த குத்தகைக்கு எடுக்கறது மாதிரி, ரிஸ்க் கம்மி. பிரகாஷ்ராஜும் ரீமேக் எடுத்திருக்காரு, ஆனா அவரு கம்பெனிக்கு பேரு வாங்கிக் குடுத்தது புது டைரக்டருங்களோட புது கதைங்கதான். ரெண்டு வழிக்கும் துணிச்சல் வேணும், எனக்கு ரெண்டாவது வழி மேல மரியாத கொஞ்சம் கூட.

டைட்டில் கார்ட படிக்கறது எப்படி

அடுத்த தடவ படம் பாக்கும்போது ஆரம்பத்துல வர்ற பேருங்கள கவனிங்க. வழங்கும்னு மேல வர்ற கம்பெனி பல சமயம் எடுத்த படத்த வாங்கி வெளியிடற பெரிய கம்பெனியா இருக்கும், முழு செலவும் அவங்களோடதுன்னு அர்த்தம் இல்ல. தயாரிப்புன்னு வர்ற பேருதான் பொறுப்பு. ஆனா அதுலயும் ஃபர்ஸ்ட் காப்பின்னு ஒரு முறை இருக்கு, இவ்ளோ தொகைக்குள்ள படத்த முடிச்சு குடுத்துடறேன்னு ஒருத்தர் பெரிய கம்பெனிகிட்ட ஒப்பந்தம் போடறது. அப்ப அந்த தொகைக்குள்ள மிச்சம் புடிச்சா அவருக்கு, மீறினா அவரு கையில இருந்து, வெளியிட்டு வர்ற லாப நஷ்டம் பெரிய கம்பெனிக்கு. நிர்வாகத் தயாரிப்பாளர்னு வர்றவரு காசு போட்டவரு இல்ல, சம்பளத்துக்கு அன்றாட செலவ பாத்துக்கறவரு.

அதனால ஒரு நடிகர் பேரு தயாரிப்புல வந்திருக்குன்னா அவரு சொந்தக் காசா, பைனான்ஸா, ஃபர்ஸ்ட் காப்பியா, இல்ல நண்பரோட கூட்டான்னு தெரியாம லாபம் இவ்ளோ, நஷ்டம் இவ்ளோன்னு யாரும் சொல்ல முடியாது. சொல்றவங்ககிட்ட ஒரே ஒரு கேள்வி கேட்டா போதும், சேலம் ஏரியா எம்ஜியில போச்சா, கமிஷன்ல போச்சா?